துளை மாறிய துப்பாக்கி

ஏற்காட்டின் பழைய காப்பித் தோட்ட வீடுகளில், பீரோவுக்குள் பூட்டிக் கிடக்கும் உரிமத் துப்பாக்கி என்றால் பெரும்பாலும் அது 12 போர் இரட்டைக் குழலாகத்தான் இருக்கும். அபூர்வமாக ஒரு வீட்டில் ரைபிளும் இருக்கும். வீட்டார் அதற்குப் பெயர் சொல்வதில்லை. ‘முன்னூத்திப் பதினஞ்சு’ என்று எண்ணைத்தான் சொல்வார்கள். மேற்கு வங்கத்தின் இஷாப்பூர் ரைபிள் தொழிற்சாலையில் செய்தது. காவல் நிலைய வாசலில் 303 ரைபிளோடு நின்ற பாராக்காரரைப் பார்த்து வளர்ந்தவர்களுக்கு அதைக் கண்டதும் பழகிய முகத்தைப் பார்த்த மாதிரி இருக்கும். அதே போல்ட், கைப்பிடி முனையில் அதே உருண்டைக் குமிழ், இடப்பக்கம் கட்டைவிரலுக்கு எட்டும் அதே பூட்டு. இரண்டு உலகப் போர்களில் பிரிட்டிஷ் பேரரசின் படைகள் சுமந்து திரிந்த லீ-என்ஃபீல்டின் நகல் அது. ஆனால் முழு நகல் அல்ல. நகலெடுப்பு எந்த இடத்தில் நின்றது, அங்கே நிறுத்தச் சொன்னது யார் என்ற கேள்வி, அந்த ரைபிளைச் சுட்டுப் பார்த்ததிலிருந்து என்னை விடவில்லை.

சுட்டுப் பார்க்க வேண்டி வந்ததற்கு ஒரு சட்டத் திருத்தம் காரணம். 2019 டிசம்பரில் ஆயுதச் சட்டத்தைத் திருத்தினார்கள். ஒருவர் மூன்று துப்பாக்கி வைத்திருக்கலாம் என்றிருந்தது இரண்டாகக் குறைந்தது. மூன்று வைத்திருந்தவர்கள் ஓராண்டுக்குள் ஒன்றைக் கைவிட வேண்டும். எனக்குத் தெரிந்த ஒரு தோட்டக்காரரிடம் மூன்று இருந்தன: 12 போர் ஒன்று, பாயிண்ட் 22 ஒன்று, அவருடைய தகப்பனார் வாங்கிய 315 ஒன்று. எதை விடுவது என்று முடிவெடுக்குமுன் மூன்றையும் ஒருமுறை சுட்டுப் பார்த்துவிடலாம் என்றார். முறையாக அனுமதி பெற்று, சமவெளியில் ஒரு சுடுதளத்துக்கு எடுத்துப் போனோம்.

315ஐ எடைபோடுவதற்கு முதலில் அதன் மூலத்தை எடைபோட வேண்டும். ஜேம்ஸ் பாரிஸ் லீ ஸ்காட்லாந்தில் பிறந்து, கனடாவில் வளர்ந்து, அமெரிக்காவில் தொழில் செய்தவர். அவர் வகுத்த போல்ட்டையும் மேகசினையும், லண்டனுக்கு வடக்கே என்ஃபீல்டில் இருந்த அரசுத் தொழிற்சாலை வடிவமைத்த குழல்புரியையும் சேர்த்து 1895இல் பிறந்தது லீ-என்ஃபீல்ட். காலாட்படைக்கும் குதிரைப்படைக்கும் பொதுவான குட்டை வடிவம் 1904இல் வந்தது. 1907இல் அதன் மூன்றாம் மார்க். போல்ட் கைப்பிடியை வெறும் 60 பாகை உயர்த்தினால் போதும், திறந்துவிடும். பூட்டும் காதுகள் பின்பக்கம் இருப்பதால் போல்ட் நகரும் தொலைவும் குறைவு. பின்னுக்கு இழுக்கும்போது சிரமமே இருக்காது. முன்னுக்குத் தள்ளும்போதுதான் வில் ஏறும். பத்துத் தோட்டா கொள்ளும் மேகசின். 300 கஜத்தில் ஒரு நிமிடத்துக்குள் குறிபார்த்து 15 சுட வேண்டும் என்பது 1914க்கு முன்பு பிரிட்டிஷ் சிப்பாயின் பயிற்சி. போல்ட்டைத் தொட்டுப் பார்த்தால் அது எப்படி முடிந்தது என்று கைக்குப் புரியும்.

அந்த போல்ட் 315இல் அப்படியே இருக்கிறது. மாறியது குழலின் துளை.

303 தோட்டா இராணுவத்துக்கு உரியது. கிடங்கிலிருந்து களவுபோன தோட்டா குடிமக்களின் துப்பாக்கிக்குள் நுழையக் கூடாது என்று காலனி அரசு நினைத்தது. பழைய மார்ட்டினி-ஹென்றி ரைபிள்கள் அரசுக்கு எதிரானவர்கள் கையில் சிக்கியதால், அவற்றின் தோட்டாக்கள் பரவிவிடும் என்று பயந்து 1907இல் 450 துளைத் துப்பாக்கிகளை இந்தியாவிலும் சூடானிலும் தடைசெய்தார்கள். 303க்கும் இதே நியாயந்தான். லீ-என்ஃபீல்டின் உடலை எடுத்து, அதில் ஆஸ்திரியாவின் மான்லிக்கர் தோட்டாவுக்கான 8 மில்லிமீட்டர் குழலைப் பொருத்தினார்கள். அதுவும் ஒரு படையின் தோட்டாதான். ஆனால் அந்தப் படை வெகுதொலைவில் இருந்தது. இங்கே எந்தக் கிடங்கிலும் அது கிடைக்காது. அதுவே தகுதியாயிற்று.

1878ஆம் ஆண்டின் ஆயுதச் சட்டத்தில் இந்தியன் துப்பாக்கி வைத்திருக்க உரிமம் வேண்டும். அதன் விதிகள் ஐரோப்பியருக்கு விலக்குக் கொடுத்தன. சேர்வராயன் மலையில் இதற்கு என்ன பொருள் என்று யோசித்துப் பாருங்கள். 1820களில் சேலம் கலெக்டர் எம்.டி.காக்பர்ன் காப்பியைக் கொண்டுவந்த பிறகு, மலையில் தோட்டம் தோட்டமாக வெள்ளைக்காரர்கள் குடியேறினார்கள். தலைமுறை தலைமுறையாக இங்கேயே பயிர்செய்து பன்றியோடு மல்லுக்கட்டிய மலையாளிப் பழங்குடிக்கு உரிமம் வேண்டும். கப்பலேறி வந்த தோட்டத் துரைக்கு வேண்டாம். சுதந்திரத்துக்குப் பின் 1959இல் வந்த சட்டம் இந்த இனப் பாகுபாட்டுக்கு இடமே தரவில்லை. ஆனால் படையின் துளை குடிமக்களுக்கு ஆகாது என்ற விதி மட்டும் நின்றுவிட்டது. 303, 7.62 இரண்டும் இன்றைக்கும் தடைசெய்யப்பட்ட துளைகள். அதனால்தான் இஷாப்பூரில் 315 தொடர்ந்து செய்யப்பட்டு வந்தது.

சுடுதளத்தில் நடந்ததைச் சொல்கிறேன். தோட்டக்காரப் பெரியவர் தரையில் தார்ப்பாய் விரித்து, மணல்மூட்டையைத் தட்டிச் சீராக்கி வைத்தார். “தோள்ல நல்லா அண்டக் குடுங்க தம்பி. விட்டுப் புடிச்சீங்கன்னா ஒதைச்சுரும்” என்றார். உதைத்தது. மூலத்தின் எடை ஏறக்குறைய நான்கு கிலோ. அதில் குழலின் முனைவரை மூடியிருக்கும் மரத்தை வேட்டைத் துப்பாக்கிக்காகப் பாதியில் வெட்டியிருக்கிறார்கள். அதனால் கைக்கு இதமாக இருக்கிறது, தோளுக்கு அல்ல. ட்ரிகரில் முதலில் ஒரு தளர்ச்சி, பிறகு ஒரு தடுப்பு, அதைத் தாண்டினால் வெடி. லீ-என்ஃபீல்டில் அந்த இரண்டு கட்டங்களும் தெளிவாகப் பிரிந்திருக்கும். இதில் இரண்டாம் கட்டம் மணலில் இழுப்பது போல் கரகரத்தது. மேகசினில் ஐந்துதான். அதிலும் விளிம்புள்ள தோட்டாக்களை ஒன்றின் விளிம்பு மற்றதன் பின்னால் மாட்டாதபடி அடுக்க வேண்டும். கவனக்குறைவாக அடுக்கினால் போல்ட் பாதியில் நின்றுவிடும்.

தோட்டாக்கள் புனேக்கு அருகிலுள்ள கட்கியில் செய்தவை. பித்தளை அடியில் கே.எஃப். என்று பொறித்திருந்தது. ஒவ்வொன்றின் சத்தமும் ஒரே மாதிரி இல்லை. காதை மூடியிருந்தும் சில கனமாகவும் சில சோர்ந்தும் வெடிப்பது தெரிந்தது. அட்டையிலும் அது தெரிந்தது. நூறு கஜத்தில் குண்டுகள் பக்கவாட்டில் அதிகம் சிதறவில்லை. மேலும் கீழுமாகத்தான் நீண்டிருந்தன. குழல் கோணலாக இருந்தாலோ குறி ஆடினாலோ சிதறல் வேறு விதமாக இருக்கும். மேல்கீழாக நீளுவது பெரும்பாலும் மருந்தின் குற்றம். நன்றாகத் தேர்ந்தெடுத்த தோட்டாக்கள் ஒரு சாணுக்குள் விழுந்தன. குழல் சூடேறிய பிறகு குண்டுகள் கொஞ்சம் வலப்பக்கம் நகர்ந்தன. இரும்புக் குறியை மட்டும் நம்பிச் சுட்ட, அறுபது வயதைத் தொடும் ஒரு ரைபிளுக்கு இது நல்ல கணக்கு.

எல்லாவற்றையும்விட எனக்குப் பிடித்தது போல்ட். முகப்பு மெருகு கரடுமுரடு, மரத்தில் அரத்தின் தடம், ட்ரிகர் கடினம். ஆனால் போல்ட்டைத் திறந்து மூடுவதில் மட்டும் அந்தப் பழைய லாகவம் கெடாமல் இருக்கிறது. கண்ணை அட்டையிலிருந்து எடுக்காமல், கன்னத்தைக் கட்டையிலிருந்து தூக்காமல் அடுத்த தோட்டாவை ஏற்ற முடிகிறது. இஷாப்பூர்த் தொழிலாளிகள் 1900களின் தொடக்கத்திலிருந்தே லீ-என்ஃபீல்டைச் செய்து வந்தவர்கள். மூலத்தைச் செய்த கைகளின் வழியில்தான் நகலும் வந்திருக்கிறது. ஆகவே 315இன் குறைகளைக் கைத்திறனின் குறை என்று எழுதுவது நியாயமில்லை என்று எனக்குத் தோன்றுகிறது. குறைந்த மேகசினும் மாறிய துளையும் பட்டறையில் எடுத்த முடிவல்ல. இந்தத் துப்பாக்கி இன்னார் கைக்குப் போகிறது, ஆகவே இவ்வளவுக்கு மேல் ஆகாது என்று ஓர் அலுவலகத்தில் எடுத்த முடிவு.

இதற்கு ஒரு நீண்ட வரிசை உண்டு. 1857க்குக் காரணங்களில் ஒன்றான என்ஃபீல்ட் ரைபிளுக்கு, கிளர்ச்சி அடங்கியதும் ஒரு நகல் செய்தார்கள். இந்தியச் சிப்பாய்களுக்கென்று 1858, 1859 வடிவங்கள். வெளியே பார்த்தால் என்ஃபீல்ட். உள்ளே குழலின் புரி இல்லை. துளையை அகலப்படுத்தி மழமழப்பாக்கியிருந்தார்கள். தூரத்தை ஏற்றி இறக்கும் பின்குறியும் கிடையாது. அதே எடையைச் சுமந்து, அதே அணிவகுப்பில் நின்று, பக்கத்து வெள்ளைக்காரச் சிப்பாயின் ரைபிள் எட்டும் தொலைவில் பாதிகூட எட்டாத ஆயுதத்தோடு ஒருவன் அந்த அரசுக்காக உயிர்கொடுக்க வேண்டும். அவன் அதைச் சுட்டுப் பார்த்த முதல் நாளிலேயே தன்னைப் பற்றி அரசு என்ன நினைக்கிறது என்று தெரிந்துகொண்டிருப்பான். பிறகும் வெகுகாலம் இந்தியப் படைக்கு ஒரு தலைமுறை பழைய ஆயுதமே கிடைத்தது. 1914இல் மார்சேய் துறைமுகத்தில் இறங்கிய இந்தியப் படைகள், கொண்டுபோன ரைபிள்களை அங்கே கொடுத்துவிட்டுப் புதியவற்றை வாங்கிக்கொண்டு பிரான்சின் போர்முனைக்குப் போயின. பதுங்குகுழிகளில் உயிர் வேண்டியிருந்தபோதுதான் சமமான துப்பாக்கி வந்தது.

அடுத்தது 410 மஸ்கட். போலீசாருக்கும் சிறைக் காவலர்களுக்கும் இஷாப்பூர் செய்து கொடுத்தது. லீ-என்ஃபீல்டின் குழலைக் குடைந்து புரியை நீக்கி, மேகசின் இருக்க வேண்டிய பொந்தில் ஒரு மரக்கட்டையை அடைத்துவிட்டார்கள். ஒரு நேரத்தில் ஒரே தோட்டா. அந்த மரக்கட்டையை நான் கையில் எடுத்துப் பார்த்திருக்கிறேன். மேல்பக்கம் தோட்டா தங்குவதற்கு வாகாகச் செதுக்கி, பொந்துக்குள் ஆடாமல் உட்காரும்படி செய்திருந்தார்கள். குறைப்பதற்காகச் செய்த வேலையிலும் தச்சர் தன் நேர்த்தியை விடவில்லை.

அமெரிக்காவில் நகல் வேறு பாதையில் போனது. ஸ்பிரிங்ஃபீல்டிலிருந்த அரசு ஆயுதசாலையை 1968இல் மூடினார்கள். சில ஆண்டுகளில் அதே பெயரைச் சூடிய ஒரு தனியார் நிறுவனம், படையின் எம்-14 ரைபிளைத் தொடர்ந்து சுடும் வசதியை மட்டும் நீக்கிவிட்டுக் குடிமக்களுக்கு விற்கத் தொடங்கியது. அங்கே தோட்டா அதே, துளை அதே, மேகசினும் அதே. அப்படிப்பட்ட நகல்களைச் சுட்டு, மூலத்தோடு ஒப்பிட்டு எழுதுவது அங்கே ஒரு தனிக் கலையாகவே வளர்ந்திருக்கிறது. அந்த நாட்டின் பள்ளிக்கூடங்களில் நடந்த துப்பாக்கிச் சூடுகளைப் பற்றிப் படிக்கும்போது, தோட்டா கலக்கக் கூடாது என்ற நம் பழைய விதியைக் காலனி மிச்சம் என்று ஒரே வீச்சில் தள்ளிவிட எனக்கு மனம் வரவில்லை. அதன் பிறப்பு அவமானகரமானது. இன்று அது செய்யும் வேலை நல்லது. இரண்டையும் சேர்த்தே நான் நம்புகிறேன்.

இந்த வரிசைக்கு எதிர்த்திசையில் போன நகல் ஒன்று உண்டு. பெல்ஜியத்தின் எஃப்.என். நிறுவனத்தின் எஃப்.ஏ.எல். ரைபிளை உலகமே வாங்கிக்கொண்டிருந்த காலம். 1962இல் நம் வீரர்கள் இமயத்தின் பனியில் 303ஐ வைத்துக்கொண்டு சீனர்களை எதிர்கொண்டார்கள். அந்த நிறுவனம் கேட்ட நிபந்தனைகள் இந்தியாவுக்கு ஒத்துவரவில்லை. நம் பொறியாளர்கள் பல நாடுகளின் எஃப்.ஏ.எல். வகைகளைப் பிரித்துப் பார்த்து, அளந்து, தாங்களே வரைபடம் போட்டார்கள். அப்படி உருவானது 1ஏ1. நாம் எஸ்.எல்.ஆர். என்று சொல்வது. இஷாப்பூரில் செய்தார்கள். 1966இல் நிறுவிய திருச்சி துப்பாக்கித் தொழிற்சாலையிலும் செய்தார்கள். எட்ட வேண்டிய தொலைவிலோ தோட்டாவின் எண்ணிக்கையிலோ குறைவைக்காத நகல்: 7.62 மில்லிமீட்டர், 20 தோட்டா, 600 வரை ஏறும் பின்குறி.

பின்கட்டையின் அடித்தகடு மட்டும் எஃப்.ஏ.எல். தகடு அல்ல. அது லீ-என்ஃபீல்டின் தகடு. சின்னக் கதவைத் திறந்தால் உள்ளே எண்ணெய்க் குப்பியும், குழலைத் துடைக்கும் கயிறும் வைக்க இடம். அரை நூற்றாண்டாகச் சிப்பாயின் கை அங்கேதான் எண்ணெயைத் தேடிப் பழகியிருந்தது. தகடு செய்யும் அச்சும் தொழிற்சாலையில் தயாராக இருந்தது. பிறர் பொருளைப் படியெடுப்பவர்கள் தம் சொந்த அனுபவத்திலிருந்து ஒன்றை உள்ளே வைத்த இடம் அது. 1ஏ1இல் எனக்கு மிகவும் மதிப்புள்ள பகுதி எதுவென்று கேட்டால் அதைத்தான் காட்டுவேன்.

ஆனால் எஸ்.எல்.ஆரைப் பற்றித் தமிழில் எழுதும் ஒருவர் அதன் பொறியியலோடு நிறுத்திக்கொள்ள முடியாது. 2018 மே 22 அன்று தூத்துக்குடியில், ஸ்டெர்லைட்டுக்கு எதிரான போராட்டத்தின் நூறாவது நாளில் ஊர்வலம் போனவர்களைப் போலீசார் சுட்டார்கள். துப்பாக்கிச் சூட்டில் 13 பேர் இறந்தார்கள். வேனின் மேல் ஏறி, மஞ்சள் சட்டையில், போர்முனைக்குரிய ரைபிளோடு குறிபார்த்தவரின் படத்தை நாம் எல்லோரும் பார்த்தோம். நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையத்தின் அறிக்கை 2022இல் சட்டமன்றத்தில் வைக்கப்பட்டது. கலைந்து ஓடியவர்களையும் சுட்டதாக அது சொல்கிறது. நூற்றுக்கணக்கான கஜங்களுக்கு அப்பால் இருக்கும் எதிரிப் படைக்காக வரைந்த ஆயுதம் அது. அதன் குண்டு ஓர் உடலைத் துளைத்து அடுத்த உடலுக்கும் போகும் வேகம் கொண்டது. 410 மஸ்கட்டில் மரக்கட்டை அடைத்த அதிகாரி இந்தியரை நம்பாதவன். அப்படிப்பட்டவன்கூடக் கூட்டத்தின் முன் நிறுத்தும் போலீசாரிடம் முழு ரைபிளைக் கொடுக்கத் தயங்கினான். நாம் தயங்கவில்லை. ஒரு ரைபிளை மதிப்பிடும் தாளில் துல்லியம், உதை, ட்ரிகர் என்று பத்தி பத்தியாக எழுதுகிறோமே, இது யாருக்கு எதிரே நீட்டப்படுகிறது என்ற பத்தியும் அதில் இருந்தாக வேண்டும்.

சேர்வராயன் மலையிலும், பக்கத்தில் கல்வராயன், கொல்லி மலைகளிலும் இன்னொரு நகல் இருக்கிறது. யாரும் வரைபடம் போடாதது. நாட்டுத் துப்பாக்கி. குழலின் வாய்வழியே கரிமருந்தையும் ரவையையும் இட்டு இடிக்கும் இந்த அமைப்பு, கம்பெனிக் காலத்து மஸ்கட்டின் பேரப்பிள்ளை. உரிமம் இல்லாமல் வைத்திருப்பவர்கள் தாமாக ஒப்படைத்தால் வழக்கு இல்லை என்று அவ்வப்போது போலீசார் மலைக்கிராமங்களில் அறிவிப்பதும், ஊர்ப் பொது இடத்தில் குழல்கள் சேர்வதும், செய்தித்தாளில் அந்தப் படம் வருவதும் இந்தப் பக்கத்துக்குப் பழகிய செய்திகள். வெடித்துக் கையிழந்தவர்கள் உண்டு. இருட்டில் பன்றி என்று நினைத்து மனிதரைச் சுட்டதும் நடந்திருக்கிறது. அந்தக் குழல்கள் புழக்கத்திலிருந்து போக வேண்டியவைதான். அதில் எனக்குச் சந்தேகமே இல்லை.

போகும் விதத்தில்தான் எனக்கு வருத்தம். ஏற்காட்டில் அடக்கமாகியிருக்கும் நிலவியலாளர் ராபர்ட் புரூஸ் ஃபூட், மலையாளிகள் பிள்ளையார் கோயில்களில் வைத்துக் கும்பிட்ட கற்கோடரிகளை இந்த மலையில் கண்டு, ஒவ்வொன்றையும் இடத்தோடும் கல்வகையோடும் பதிந்தார். அவர் சேகரித்தவை 1904இல் சென்னை அருங்காட்சியகத்துக்குப் போயின. ஒப்படைத்த நாட்டுத் துப்பாக்கிகளில் இரண்டொன்றைச் செயலிழக்கச் செய்து, எந்த ஊர்க் கொல்லர், எந்த மரம், எந்த இரும்பு என்று எழுதிச் சேலம் அரசு அருங்காட்சியகத்தில் வைக்கலாமே. சட்டம் தலைமுறை தலைமுறையாக ஒருவனுக்கு ஆயுதத்தை மறுத்தபோது, அவன் நினைவிலிருந்தும் கண்ணால் கண்டதிலிருந்தும் செய்துகொண்ட நகல் அது. துருவோடு துருவாக உருக்கிவிட்டால், மலையின் வேளாண்மை வரலாற்றில் ஒரு பக்கம் கிழிந்துபோகும்.

சுட்டு முடித்து, வெந்நீரும் எண்ணெயும் கொண்டு குழலைத் துடைத்துக்கொண்டிருந்தபோது பெரியவர் கேட்டார்: “சொல்லுங்க தம்பி. எதக் குடுக்கறது?”

“22ஐக் கொடுத்துடுங்க அய்யா. 315ஐ வெச்சுக்குங்க.”

“வெச்சு? காட்டெருமை தோட்டத்துக்குள்ள நின்னாலும் கல்லுகூட எறிய முடியாது. எலெக்சன் வந்தா ஸ்டேசன்ல கொண்டுபோய்க் குடுத்துட்டு, முடிஞ்சதும் வாங்கிட்டு வரோணும். தோட்டா வெலை வேற. பேரன் 22ல சுடப் பழகறான்.”

அவர் சொன்னதில் தவறில்லை. 1972ஆம் ஆண்டு வனவிலங்குச் சட்டத்துக்குப் பிறகு அந்த ரைபிளுக்கு மலையில் வேலை இல்லை. பன்றியை விரட்டச் சத்தம் போதும். அதற்கு 12 போர் போதும். போட்டிக்குப் போகும் பையனுக்கு 22தான் வேண்டும். முடிவில் அவர் 315ஐ உரிமம் பெற்ற ஒரு வணிகரிடம் ஒப்படைத்தார். ஒப்படைக்குமுன் நான் கேட்டுக்கொண்டபடி, ரைபிளோடு சேர்த்து ஒரு தாளையும் கொடுத்தார். அடுத்து வாங்குபவருக்காக நான் அதில் எழுதியது இவ்வளவுதான்: ட்ரிகரின் இரண்டாம் கட்டம் கரகரப்பு, துப்பாக்கி மெக்கானிக்கிடம் காட்டித் தேய்க்கலாம். தோட்டாக்களை விளிம்பு பார்த்து அடுக்கவும். ஒரே பெட்டித் தோட்டாவை மட்டும் சேர்த்துச் சுடவும். குழல் சூடானால் குண்டு வலப்பக்கம் போகும், ஆறவிடவும். போல்ட் மிக நல்ல நிலையில் இருக்கிறது. அந்த ரைபிளுக்கென்றே எண் பொறித்தது, வேறொன்றோடு மாற்ற வேண்டாம்.